நாற்பது நொடி

பண்ருட்டி
ஞாயிறு இரவு

அன்புள்ள தம்பி,

மேற்கு ஆப்பிரிக்காவில் புர்க்கினா பாசோவை ஆண்ட தாமஸ் சங்காராவைப் பற்றி நீ அனுப்பிய படத்தை இரண்டு தடவை பார்த்துவிட்டேன். முதல் தடவை அம்மாவும் கூட உட்கார்ந்தாள். அவளுக்காக வசனத்துக்கு வசனம் நிறுத்தி, கீழே ஓடும் இங்கிலீஷைத் தமிழில் சொல்லி, மறுபடி ஓடவிட்டு, ஒரு மணி நேரத்துக்குள் முடிய வேண்டிய படம் இரண்டரை மணி நேரம் ஓடியது. நடுவில் கரண்ட் வேறு போனது. இரண்டாவது தடவை நான் மட்டும், விடியற்காலையில், ஹெட்போன் மாட்டிக்கொண்டு பார்த்தேன்.

போன வாரம் போனில் நீ கேட்டாயே, "நம்ம ஊருக்கும் இப்படி ஒருத்தர் வந்தா எப்படிப்பா இருக்கும்?" என்று. நான் "ம், பார்க்கலாம்" என்று சொல்லிவிட்டு அம்மாவிடம் போனைக் கொடுத்துவிட்டேன். நீ கவனித்தாயோ என்னவோ. பதில் இருந்தது. போனில் பேசி முடிகிற பதிலாக இல்லை. எழுதினால்தான் எனக்குக் கோர்வையாக வரும். முப்பத்தோரு வருஷம் கரும்பலகையில் எழுதிய பழக்கம்.

ஐவரி கோஸ்ட்டின் அபிஜானில் உங்கள் குடோனைக் காக்கும் புர்க்கினாக்காரப் பெரியவரின் பைக்கில் ஒட்டியிருந்த ஸ்டிக்கரை நீ போட்டோ எடுத்து அனுப்பியபோதே எனக்கு அந்த முகம் யாரென்று தெரியும். சிவப்புத் தொப்பி, அதில் ஒரு நட்சத்திரம், சிரிப்பு. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் பள்ளிக்கூட அட்லஸில் 'அப்பர் வோல்ட்டா' என்று ஒரு நாடு இருக்கும். கொஞ்ச வருஷம் கழித்து வந்த புது அட்லஸில் அந்த இடத்தில் 'புர்க்கினா பாசோ' என்று போட்டிருந்தார்கள். ஒரு பையன் எழுந்து, "சார், பழைய நாடு எங்க சார் போச்சு?" என்று கேட்டான். அன்றைக்கு எனக்குப் பதில் தெரியவில்லை. நூலகத்தில் தேடித்தான் தாமஸ் சங்காரா என்ற பெயரைக் கண்டுபிடித்தேன். வெள்ளைக்காரன் ஓர் ஆற்றை வைத்துக் கொடுத்த பெயரைத் தூக்கிப் போட்டுவிட்டு, 1984 ஆகஸ்ட் 4ஆம் தேதி அந்த மண்ணின் இரண்டு மொழிகளிலிருந்து ஆளுக்கு ஒரு சொல்லை எடுத்துக் கோத்து வைத்த பெயர் அது. நேர்மையானவர்களின் நாடு என்று பொருள். அப்புறம் நான்கு வருஷம் அந்தப் பாடத்தை நடத்தும்போதெல்லாம் அந்தக் கதையையும் சேர்த்தே சொன்னேன். தேர்வுக்கு வராத கேள்வி என்பதால் பையன்கள் நன்றாகக் கேட்டார்கள்.

அம்மா அவரைச் சங்கரன் என்றுதான் சொல்கிறாள். திருத்திப் பார்த்தேன், பயனில்லை. "இவ்ளோ சின்னப் பையனா?" என்று படம் ஓட ஓடக் கேட்டுக்கொண்டே இருந்தாள். ஆட்சிக்கு வந்தபோது வயது 33, போனபோது 37 என்று சொன்னதும் விரலை மடக்கி உன் வயதோடு கணக்குப் போட்டுப் பார்த்தாள். அப்புறம் கொஞ்ச நேரம் பேசவில்லை.

எனக்குப் படத்தில் ரொம்பப் பிடித்த இடம், எத்தியோப்பியத் தலைநகர் அடிஸ் அபாபாவில் அவர் பேசிய பேச்சு. 1987 ஜூலை 29. ஆப்பிரிக்க நாட்டுத் தலைவர்கள் எல்லாம் கோட்டும் அங்கியுமாக வரிசையாக உட்கார்ந்திருக்க, இவர் போய் நின்று கடனைப் பற்றிப் பேசுகிறார். இந்தக் கடனை நாம் வாங்கவில்லை, நம்மை ஆண்டவர்கள் நம் தலையில் கட்டியது, கட்டாவிட்டால் கொடுத்தவன் சாகப்போவதில்லை, கட்டினால் நாம்தான் சாவோம் என்கிறார். சத்தம் போட்டுப் பேசவில்லை பார்த்தாயா? வகுப்பில் ஒரு கணக்கைப் படிப்படியாகப் போட்டுக் காட்டுவதுபோல் பேசுகிறார். எல்லோரும் சேர்ந்து கட்ட மாட்டோம் என்று சொல்வோம், புர்க்கினா பாசோ மட்டும் தனியாகச் சொன்னால் அடுத்த மாநாட்டுக்கு நான் வந்திருக்க மாட்டேன் என்கிறார். அரங்கம் சிரிக்கிறது, கை தட்டுகிறது. நான் படத்தை நிறுத்திவிட்டுக் காலண்டரில் எண்ணினேன். அந்தச் சிரிப்புக்கும் அவர் சாவுக்கும் நடுவில் 78 நாள்.

ரெனோ 5 கார் விஷயம் அம்மாவுக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. அரசாங்கத்தின் மெர்சிடிஸ் கார்களை விற்றுவிட்டு, அந்த நாட்டில் கிடைத்ததிலேயே மலிவான அந்தக் குட்டிக் காரை மந்திரிகளுக்குக் கொடுத்தது. "நம்ம வார்டு கவுன்சிலர் வண்டியவிட சின்னது" என்றாள். அவர் தகவல்துறைச் செயலராக இருந்த காலத்தில் சைக்கிளில் ஆபீஸ் போனதையும், கடைசியில் சொத்தென்று கணக்குக் காட்டியபோது அந்தப் பழைய காரும் சில சைக்கிளும் கிட்டாரும் அடைபடாத வீட்டுக் கடனும்தான் இருந்தன என்பதையும் நான் சொன்னேன். கிட்டார் வாசிப்பார், ராணுவத்தில் இருக்கும்போதே ஒரு ஜாஸ் குழு வைத்திருந்தார். நாட்டுக்குப் புதிதாகப் பாடப்பட்ட தேசிய கீதமும் அவர் எழுதியதுதான்.

ஆண்களைச் சந்தைக்கு அனுப்பிய நாள் வந்தபோதுதான் வீட்டில் சிரிப்பு. 1984 செப்டம்பர் 22. அன்றைக்கு மார்க்கெட்டுக்குப் போவதும் சமைப்பதும் ஆம்பளைகள் வேலை என்று அறிவித்தார்களாம். விலை தெரியாமல் ஆண்கள் கூடையோடு விழிக்கிறார்கள். அம்மா சிரித்து முடித்துவிட்டு, "ஒரே ஒரு நாளா?" என்றாள். நான் பதில் சொல்லவில்லை. அடுத்த நாள் காலை நான்தான் போய்க் கத்திரிக்காய் வாங்கி வந்தேன். சொத்தை என்று மூன்றைத் தனியாக எடுத்து வைத்துவிட்டாள்.

சரி, தடுப்பூசிக்கு வருகிறேன். 1984 கடைசியில் இரண்டே வாரத்தில் சுமார் 25 லட்சம் குழந்தைகளுக்குத் தட்டம்மை, மூளைக்காய்ச்சல், மஞ்சள் காய்ச்சலுக்கு ஊசி போட்டார்கள். அந்த நாட்டு மக்கள்தொகையே அப்போது 80 லட்சம் தேறாது. உன் பெரியவர் சட்டைக் கையை மடித்துக் காட்டி, "இது கேப்டன் போட்ட ஊசி" என்று பெருமையாகச் சொன்னார் என்றாயே, அது இந்த ஊசிதான். ராணுவத்தில் கேப்டனாக இருந்த சங்காரா எங்கோ தலைநகரத்தில் உட்கார்ந்து கையெழுத்துதான் போட்டிருப்பார். ஆனாலும் பெரியவருக்கு அது கேப்டன் போட்ட ஊசி. அப்படி ஓர் ஆளை ஒரு நாடு நினைத்துக்கொண்டிருப்பது சும்மா வராது. அதை நான் குறைத்துச் சொல்லவே மாட்டேன்.

அடுத்து வருவது உன்னையும் என்னையும் சேர்த்துக் கிள்ளுகிற இடம். அதே அடிஸ் அபாபா பேச்சில் தன் சட்டையைக் காட்டுகிறார். பருத்தி எங்கள் நாட்டில் விளைந்தது, நெய்தது எங்கள் நாட்டில், தைத்ததும் எங்கள் நாட்டில், ஒரு நூல்கூட வெளியிலிருந்து வரவில்லை என்கிறார். பாசோ டான் ஃபனி என்று அந்தக் கைத்தறித் துணிக்குப் பெயர். நமக்கு வேண்டியதை நாமே விளைவித்து, அதை இங்கேயே பொருளாக்கி, நாமே பயன்படுத்துவோம் என்று முடிக்கிறார். நான் கைதட்டப் போனேன். அப்போதுதான் நீ அபிஜானில் என்ன வேலை பார்க்கிறாய் என்பது ஞாபகம் வந்தது.

மூட்டையில் குத்தி மாதிரி எடுத்து, முந்திரிக்கொட்டையை இரண்டாக வெட்டிப் பார்த்து, இத்தனை பருப்பு தேறும் என்று கணக்குச் சொல்லி, உரிக்காத கொட்டையைக் கப்பலேற்றி அனுப்புகிறாய். அது தூத்துக்குடியில் இறங்கி, லாரியில் ஏறி, நம் ஊர்ப் பக்கத்து ஆலைகளுக்கு வந்து, இங்கே வேகவைத்து, உடைத்து, தோல் நீக்கிப் பருப்பாகிறது. 2011 டிசம்பர் 30ஆம் தேதி தானே புயலில் தாத்தா வைத்த முந்திரி மரங்கள் ஒரே ராத்திரியில் வேரோடு சாய்ந்தபோது நீ சின்னப் பையன். மரம் வைத்துக் காய்ப்பதற்குள் ஊர் எதைத் தின்னும்? ஆப்பிரிக்கக் கொட்டை முன்பே வந்துகொண்டிருந்ததுதான், புயலுக்குப் பிறகு அது இன்னும் பெரிய பிடிமானமாகிவிட்டது. நம் தெருவில் பாதி அடுப்பு அதில்தான் எரிகிறது. நீ அனுப்பும் பணமும் அதில்தான் வருகிறது. அந்தக் கொட்டையை அங்கேயே உடைத்துப் பருப்பாக்க வேண்டும் என்பதுதான் சங்காரா சொன்னதற்கு நேரான பொருள். அவர் சொன்னபடி நடந்திருந்தால் உனக்கு அங்கே வேலை இருந்திருக்காது, இங்கே உன் அத்தைக்கும் இருந்திருக்காது. இதற்கு என்ன செய்வது என்று என்னைக் கேட்காதே, எனக்குத் தெரியாது. படத்தைப் பார்த்துக் கைதட்டுகிறோமே, நாம் எந்தப் பக்கத்துத் திண்ணையில் உட்கார்ந்து தட்டுகிறோம் என்று ஒரு நிமிஷம் கூச்சமாக இருந்தது. உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்பேன். வெட்டிப் பார்க்கிற கணக்கை விவசாயிக்கு எதிரில் வைத்தே போடு. அவரும் எண்ணிப் பார்க்கட்டும்.

தலைப்பில் நாற்பது நொடி என்று போட்டிருக்கிறேன், அதற்கு இனிமேல்தான் வருகிறேன்.

படத்தில் பாதி தாண்டியபின் ஓர் இடம் வரும். உனக்கு ஞாபகம் இருக்கிறதோ இல்லையோ, ஏனென்றால் அது வந்த வேகத்தில் போய்விடுகிறது. 1984 மார்ச்சில் ஆசிரியர் சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. அரசாங்கம் 1,300க்கும் மேற்பட்ட ஆசிரியர்களை வேலையிலிருந்து நீக்கியது. அவர்கள் இடத்துக்கு அவசர அவசரமாகப் பயிற்சி கொடுத்து இளைஞர்களைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். படம் இதைச் சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போகிறது. இரண்டாவது தடவை பார்க்கும்போது கடிகாரத்தை வைத்துப் பார்த்தேன். நாற்பது நொடி.

உனக்குத் தெரிந்த கதையைத்தான் சொல்கிறேன், ஆனால் முழுசாகச் சொன்னதில்லை. நீ பிறந்து இரண்டு வயது. மூன்று மாதச் சம்பள பாக்கிக்காக நாங்கள் ஒன்பது பேர் பள்ளிக்கூட வாசலில் உட்கார்ந்தோம். நான்காம் நாள் ஒன்பது பேருக்கும் வேலை இல்லை என்று கடிதம் வந்தது. திரும்பச் சேர்த்துக்கொள்ள 14 மாதம் ஆனது. அந்த 14 மாதமும் அம்மா ஆலைக்குப் போய்க் கொட்டை உடைத்தாள். தோட்டில் இருக்கிற எண்ணெய் தோலை அரிக்கும் என்று உனக்குச் சொல்லத் தேவையில்லை. விளக்கெண்ணெயும் சாம்பலும் பூசிக்கொண்டுதான் உட்காருவார்கள், அப்படியும் விரல் கறுத்துத் தோல் உரியும். சாப்பாடு பிசைய முடியாமல் ஸ்பூனில் சாப்பிடுவாள். உனக்கு ஆயாதான் ஊட்டினாள்.

இதுவரை உன்னிடம் சொல்லாததைச் சொல்கிறேன். எங்களை நீக்கியவர் கெட்டவர் இல்லை. அந்தப் பள்ளியைத் தன் நிலத்தை விற்று நடத்தியவர். கதர்தான் உடுத்துவார், சைக்கிளில்தான் வருவார், பள்ளிக் காசில் ஒரு டீ குடித்தவர் இல்லை. அவருக்குப் பசி தெரியும். பிள்ளைகளின் படிப்பு நின்றுபோக ஆசிரியனே வாசலில் உட்காருவதை அவரால் தாங்க முடியவில்லை. அது அவர் கண்ணுக்குத் துரோகமாகத் தெரிந்தது. திருடனாக இருந்திருந்தால் நாங்கள் பேரம் பேசியிருப்போம். இவரிடம் என்ன பேரம் பேசுவது? அவர் பக்கம் நியாயம் இருப்பதாக ஊரே சொன்னது. மளிகைக் கடைக்காரர் எங்களுக்குக் கடன் கொடுக்கவில்லை.

அதனால்தான் அந்த நாற்பது நொடியில் நான் சிக்கிக்கொண்டேன். சங்காராவும் அப்படித்தான் பார்த்திருக்க வேண்டும். அந்த வேலைநிறுத்தத்தைத் தூண்டியது எதிர்க்கட்சிக்காரர்கள் என்று அவர் அரசாங்கம் சொன்னது. அதில் கொஞ்சம் உண்மையும் இருக்கலாம். ஆனால் 1,300 வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே! படத்தில் அவர்களில் ஒருவரையாவது உட்கார வைத்துப் பேச விட்டிருக்கலாம். காருக்குக் கொடுத்த நேரத்தில் பாதி போதும்.

இது மட்டுமில்லை. ஊருக்கு ஊர் புரட்சிப் பாதுகாப்புக் குழுக்கள் இருந்தன. அவற்றில் துப்பாக்கி கொடுக்கப்பட்ட விடலைப் பையன்கள் செய்த அட்டகாசத்தை சங்காராவே மேடையில் கண்டித்திருக்கிறார். ஊழல் செய்தவர்களை விசாரிக்க மக்கள் நீதிமன்றம், அதை ரேடியோவில் ஒலிபரப்பினார்கள். ஊழல்காரன் கூனிக்குறுகி நிற்பதைக் கேட்க எல்லோருக்கும் பிடிக்கும்தான். எனக்கும் பிடித்திருக்கும். அங்கே நிற்பவனுக்கு வக்கீல் கிடையாது. 1984 ஜூனில் சதி செய்தார்கள் என்று 7 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். இதையெல்லாம் எதிரிகள் கட்டிய கதை என்று ஒதுக்கினால் அந்த மனிதரையே நாம் பாதி வெட்டிப் பார்த்ததாகிவிடும்.

நேர்மையாகச் சொல்ல வேண்டுமென்றால், அவருக்கே கடைசியில் இது புரியத் தொடங்கியது என்றுதான் நினைக்கிறேன். 1987 ஆகஸ்ட்டில், ஆட்சிக்கு வந்த நான்காம் ஆண்டு விழாவில், மக்களை விட்டுவிட்டுத் தனியாகப் பல அடி ஓடுவதைவிட அவர்களோடு சேர்ந்து ஓரடி வைப்பதே மேல் என்று பேசினார். கொஞ்சம் நின்று, போன வழியைத் திரும்பிப் பார்த்து, விட்டுப்போனவர்களைச் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்றார். நீக்கிய ஆசிரியர்களைத் திரும்பச் சேர்ப்பது பற்றிய பேச்சும் அந்தச் சமயத்தில்தான் எழுந்தது. இன்னும் இரண்டு வருஷம் இருந்திருந்தால் என்ன செய்திருப்பாரோ. அந்த இரண்டு வருஷத்தைக் கொடுக்காமல் போனவர்கள்மேல்தான் எனக்கு அதிகக் கோபம்.

அக்டோபர் 15, வியாழக்கிழமை. வியாழன் சாயங்காலம் எல்லோரும் விளையாட்டுக்குப் போகிற நாள் என்பதால் விளையாட்டு உடையில்தான் கூட்டத்தில் இருந்தார். வெளியே சுடும் சத்தம் கேட்டதும், "நீங்கள் இருங்கள், அவர்களுக்கு வேண்டியது நான்" என்று எழுந்து போனதாக, அந்த அறையிலிருந்து உயிர் தப்பிய ஒரே ஒருவர் சொல்லியிருக்கிறார். சங்காராவோடு இன்னும் 12 பேர் செத்தார்கள். ராத்திரியோடு ராத்திரியாகப் புதைத்தார்கள். இறப்புச் சான்றிதழில் இயற்கை மரணம் என்று எழுதினார்கள்.

அம்மா இங்கேதான் அழுதாள். சுட்டதற்காக அழவில்லை. பிளேஸ் கொம்பவோரே யார் என்று நான் சொன்னதற்கு அழுதாள். இருவரும் ராணுவத்தில் ஒன்றாக இருந்தவர்கள். 1983ல் சங்காராவைச் சிறை வைத்தபோது, படையோடு வந்து மீட்டு ஆட்சியில் உட்கார வைத்ததே பிளேஸ்தான். பிளேஸ் தாய் தகப்பனை இழந்தவர் என்பதால் சங்காராவின் அப்பாவும் அம்மாவும் அவரைத் தங்கள் பிள்ளையாகவே நடத்தினார்கள். அந்த வீட்டுத் தட்டில் சாப்பிட்டவர். அன்றைக்கு ராத்திரி நாட்டின் தலைவரானதும் அவர்தான். அப்புறம் 27 வருஷம் ஆண்டார். 2014 அக்டோபர் கடைசியில் ஜனங்கள் தெருவுக்கு வந்து துரத்தினார்கள். அந்தக் கூட்டத்தில் நிறைய பேர் சங்காரா செத்தபிறகு பிறந்தவர்கள், ஆனால் கையில் அவர் படம்.

துரத்தியபின் எங்கே போனார் தெரியுமா? நீ இருக்கிற ஊருக்கு. 2022 ஏப்ரல் 6ஆம் தேதி புர்க்கினா தலைநகர் வாகடூகுவில் ராணுவ நீதிமன்றம் அந்தக் கொலை வழக்கில் அவருக்கு ஆயுள் தண்டனை கொடுத்தது, ஆள் இல்லாமலேயே. அதே வருஷம் ஜூலையில் சங்காரா குடும்பத்திடம் மன்னிப்புக் கேட்டு ஒரு கடிதம் அனுப்பினார். சங்காராவின் அப்பா 2006லேயே கண்ணை மூடிவிட்டார், அம்மா அதற்கும் முன்னால். வளர்த்தவர்கள் இருந்தவரை ஒரு வரி எழுதாதவர், அவர்கள் போய்ப் பதினாறு வருஷம் கழித்து எழுதுகிறார். நான் இரண்டு மூன்று நாளாக அந்த அப்பாவைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். ஒரு பிள்ளை செத்தான், இன்னொரு பிள்ளை கொன்றான் என்று ஊர் சொல்கிறது. அந்த மனுஷன் கதவுப் பக்கம் பார்த்துக்கொண்டே 19 வருஷம் உட்கார்ந்திருந்திருப்பார் இல்லையா? படம் அவர் வீட்டுக்குள் போகவே இல்லை. நானாக இருந்தால் அங்கேயிருந்துதான் படத்தையே ஆரம்பித்திருப்பேன். என்னைப் போல ஆட்கள் படம் எடுப்பதில்லை, அதுவும் நல்லதுக்குத்தான்.

நீ சாயங்காலம் கடற்கரைக்கு நடக்கப் போகிற அந்த ஊரில்தான் கொம்பவோரேயும் எங்கோ ஒரு வீட்டில் இருக்கிறார். உன் பெரியவர் பைக்கில் சங்காரா ஸ்டிக்கரோடு அதே தெருக்களில்தான் போகிறார். அதனால் சொல்கிறேன், குடோனில் அரசியல் பேசாதே. அவர் பேசினால் கேட்டுக்கொள். இப்போது புர்க்கினாவை ஆள்பவரும் ஒரு கேப்டன்தான். 2022 செப்டம்பரில் வந்தபோது அவருக்கு 34 வயது. சங்காரா பெயரைச் சொல்லித்தான் ஆள்கிறார். அவரைப் பற்றி அங்கே ஆளுக்கு ஒரு கருத்து இருக்கும், ஐவரி கோஸ்ட்டில் வேறு மாதிரி இருக்கும். நீ விருந்தாளி. வடக்கே கோரோகோ பக்கம் கொட்டை வாங்கப் போனால் இருட்டுவதற்குள் திரும்பிவிடு. கொசுவலை கட்டிக்கொண்டு தூங்கு, மாத்திரையை நிறுத்தாதே.

இனி நீ கேட்டதற்கு வருகிறேன். நம் ஊருக்கு இப்படி ஒருத்தர் வந்தால்? வரட்டும். சைக்கிளில் வரட்டும், கைத்தறி உடுத்தி வரட்டும், கடன்காரனுக்கு முன்னால் நின்று கணக்குக் கேட்கட்டும். நான் முதல் வரிசையில் நின்று கைதட்டுவேன். ஆனால் வாசலில் ஒன்பது பேர் உட்கார்ந்தால், அவர்களைப் பார்த்து, "என்னப்பா வேணும்?" என்று கேட்கிறவராகவும் இருக்க வேண்டும். அவர் கேட்கவில்லையென்றால், "கேளுங்க" என்று அவர் கையைப் பிடித்துச் சொல்ல யாராவது பக்கத்தில் இருக்க வேண்டும். எனக்கு இந்த இரண்டாவது ஆளைப் பற்றித்தான் அதிகக் கவலை. முதல் ஆள் எப்படியோ வந்துவிடுகிறார்.

இரண்டாவது தடவை பார்த்த பிறகு ஒன்று உறைத்தது. அதனால்தான் இந்த நேரத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன். உன் பெரியவர் நாலாவதோடு பள்ளிக்கூடம் நின்றுபோச்சு, அப்புறம் அண்ணனோடு ரயிலேறி அபிஜான் வந்துவிட்டேன் என்று சொன்னதாக நீ ஒரு நாள் சொன்னாய். அந்த ரயில் பெரிய கதை. 1932ல் பிரெஞ்சுக்காரர்கள் அப்பர் வோல்ட்டா காலனியையே கலைத்து, பெரும்பகுதியை ஐவரி கோஸ்ட்டோடு ஒட்டிவிட்டார்கள். தோட்டத்துக்கும் ரயில்பாதைக்கும் கூலிக்கு ஆள் வேண்டும், அவ்வளவுதான். 1947ல்தான் திரும்பப் பிரித்தார்கள். பிரித்தும் என்ன, ஆள் வருவது நிற்கவில்லை. சரி, அதை விடு. பெரியவருக்கு இப்போது ஐம்பதைத் தாண்டி இருக்கும் என்றாய். ஊசி போட்ட 1984ல் அவருக்கு ஒன்பது பத்து வயது. ஒன்பது பத்து வயதென்றால் மூன்றாவதோ நாலாவதோ.

பள்ளிக்கூடம் ஏன் நின்றது என்று அவரிடம் கேட்டாயா? காசில்லாமல் நின்றிருக்கலாம், அப்பா மாடு மேய்க்கக் கூப்பிட்டிருக்கலாம், ஆயிரம் காரணம் இருக்கும். நான் சும்மா கணக்குப் போடுகிறேன், அவ்வளவுதான். ஆனாலும் ஒரு டீ வாங்கிக் கொடுத்து, மெதுவாக, அந்த வருஷம் உங்கள் வாத்தியார் யார், அவர் பெயர் ஞாபகம் இருக்கிறதா என்று கேள். கேப்டனைப் பற்றிக் கேட்க வேண்டாம். வாத்தியாரைப் பற்றி மட்டும் கேள். என்ன சொன்னார் என்று எனக்கு எழுது. போனில் சொல்லாதே, எழுது.

அன்புடன்,
அப்பா

பின்குறிப்பு: அம்மா எழுதச் சொன்னது. சங்கரன் போட்டிருந்த அந்தக் கோடு போட்ட துணி அபிஜான் மார்க்கெட்டில் கிடைத்தால் தாவணி அகலத்தில் இரண்டு மீட்டர் வாங்கி வர வேண்டுமாம். கைத்தறியா என்று பின்பக்கம் திருப்பி முடிச்சைப் பார்த்து வாங்கணுமாம், உன்னை நம்பவில்லை, பெரியவரையும் கூட்டிக்கொண்டு போகச் சொல்கிறாள்.